கடம்பை வெட்டி முரசு செய்த சேரன்: மிளகுக் கடலைக் காத்த நெடுஞ்சேரலாதனின் கதை

மூணாறு டிரிப் போனவர்கள் மாட்டுப்பட்டியைப் பார்க்காமல் திரும்பியிருக்க மாட்டார்கள். அணையில் ஸ்பீட் போட், பக்கத்தில் எக்கோ பாயின்ட், நாலு செல்ஃபி, ஒரு டீ. அந்த அணைத் தண்ணீர் எங்கே போகுதுன்னு யோசிப்பவர்கள் குறைவு. அது மூணாறுக்கு இறங்கி, முதிரப்புழை ஆறாகி, பெரியாற்றில் கலந்து, கடைசியில் கொச்சிக்கு வடக்கே அரபிக்கடலைத் தொடுகிறது.

பெரியாறு கடலை நெருங்கும் அந்தப் பகுதியில், வடக்கு பரவூர் அருகே, பட்டணம் என்று ஒரு சின்ன ஊர் இருக்கிறது. 2007 முதல் அங்கே கேரள வரலாற்று ஆய்வுக் கழகம் நடத்திய அகழாய்வில் மத்தியதரைக் கடல் பகுதியிலிருந்து வந்த ஆம்போரா ஜாடிகளின் ஓடுகள் ஆயிரக்கணக்கில் கிடைத்தன. மிளகு கிடைத்தது. சேற்றுக்குள் புதைந்திருந்த, சுமார் 6 மீட்டர் நீளமுள்ள மரத் தோணி ஒன்றும் கிடைத்தது. சங்கப் பாடல்கள் முசிறி என்றும் ரோமானியர்கள் முசிரிஸ் என்றும் சொன்ன துறைமுகம் இதுதான் என்று பல ஆய்வாளர்கள் கருதுகிறார்கள்.

மலையில் விளைந்தது ஆற்றில் இறங்கி, துறைமுகத்தில் கப்பலேறி, எகிப்து வழியாக ரோம் வரை போனது. இன்றைய பாஷையில் இது ஒரு சப்ளை செயின். அதில் ரொம்பப் பலவீனமான கண்ணி கடல். கரையோரம் கொள்ளையர்கள் காத்திருந்தார்கள்.

அந்தக் கடலில் இறங்கி எதிரிகளை அடித்ததாகப் பாடப்பட்ட சேர மன்னர் இமயவரம்பன் நெடுஞ்சேரலாதன். பெயரைப் பள்ளிக்கூடத்தில் கேட்டிருப்பீர்கள். இமயத்தில் வில் கொடி பொறித்தவர் என்று ஒரு மார்க் கேள்விக்குப் படித்து மறந்திருப்பீர்கள். ஆனால் அவர் வாழ்க்கையில் இமயத்தைவிடக் கடல்தான் சுவாரஸ்யமானது.

மிளகுக்கு எதுக்கு இவ்வளவு காவல்?

முதலில் பணக் கணக்கு. கி.பி. 77 வாக்கில் தன் இயற்கை வரலாறு நூலை முடித்த ரோமானிய எழுத்தாளர் பிளினி, வருஷத்துக்கு 5 கோடி செஸ்டர்ஸ் நாணயத்துக்குக் குறையாமல் இந்தியாவுக்குப் போய்விடுகிறது என்று புலம்பியிருக்கிறார். எகிப்தின் செங்கடல் கரையில் பெரெனிகே என்ற பழைய துறைமுகத்தில் ஒரு கோயில். அதன் தரையில் புதைத்திருந்த இந்திய ஜாடிக்குள் ஏழரைக் கிலோ மிளகு அப்படியே இருந்தது. வியன்னாவில் ஒரு பாப்பிரஸ் தாள் இருக்கிறது. 2-ம் நூற்றாண்டைச் சேர்ந்த அதில் ஒரு பக்கம் முசிறிப் பயணம் தொடர்பான கடன் ஒப்பந்தம். மறுபக்கம் ஹெர்மபொல்லான் என்ற கப்பலில் வந்த சரக்கின் மதிப்பீடு: 25 சதவீத இறக்குமதி வரி கழித்த பிறகும் கிட்டத்தட்ட 70 லட்சம் செஸ்டர்ஸ். ஒரே ஒரு கப்பல்!

இந்த அளவு பணம் மிதந்து வரும்போது அதைப் பார்த்துக்கொண்டு சும்மா இருப்பார்களா?

இருக்கவில்லை. முதல் நூற்றாண்டில் ஒரு கிரேக்க மாலுமி எழுதிய பெரிப்ளஸ் என்ற கடல் வழிகாட்டி, மேற்குக் கரையில் சில தீவுகளைக் குறிப்பிட்டு அந்தப் பக்கம் கொள்ளையர் உண்டு என்று எச்சரிக்கிறது. பிளினி இன்னும் நேரடியாக எழுதினார். இந்தியா போகும் கப்பல்களில் வில்லாளிகளை ஏற்றிக்கொண்டு போக வேண்டியிருக்கிறது. முசிறிக்குப் பக்கத்தில் நித்ரியாஸ் என்ற இடத்தைக் கொள்ளையர்கள் பிடித்து வைத்திருக்கிறார்கள். அதனால் முசிறி விரும்பத்தக்க துறைமுகம் இல்லை. போதாததற்கு அங்கே கப்பல் கரையிலிருந்து ரொம்ப தூரத்தில் நிற்க வேண்டும், சரக்கைச் சின்னப் படகுகளில் கொண்டுவந்து ஏற்ற வேண்டும் என்று இன்னொரு குறையையும் சேர்த்தார்.

மோசமான ரிவ்யூதான். அதோடு நிறுத்தியிருந்தால்கூடப் பரவாயில்லை. முசிறிக்குப் பதிலாகத் தெற்கே இன்னொரு துறைமுகம் மேல் என்று பரிந்துரையும் செய்தார். அது யாருடையது? பாண்டியருடையது.

சேரருக்கு உண்மையில் வலித்த இடம் இதுதான். கடற்கொள்ளையர்களால் போவது பத்துக் கப்பல் சரக்கு மட்டும் இல்லை. வியாபாரமே பக்கத்து ராஜாவின் துறைமுகத்துக்கு மாறிவிடும். மிளகு அங்கேயும் கிடைக்கும். மலையில் கொடி படரவிட்டுப் பறித்துக் காயவைத்த சரக்கு முசிறிக்கு வருவதற்குப் பதில் தெற்கே இறங்கிவிடும். சுங்கம், தங்கம், கூடவே வரும் மரியாதை எல்லாம் போகும்.

யார் இந்த நெடுஞ்சேரலாதன்?

அவரைப் பற்றி நமக்குத் தெரிந்ததில் பெரும்பகுதி பதிற்றுப்பத்தின் இரண்டாம் பத்தில் இருக்கிறது. பாடியவர் குமட்டூர்க் கண்ணனார். பத்து சேர மன்னர்களைப் பற்றிப் பத்துப் பத்தாக நூறு பாடல்கள் இருந்த தொகுப்பு அது. முதல் பத்தும் கடைசிப் பத்தும் தொலைந்துபோயின. மிச்சத்தை உ.வே. சாமிநாதையர் 1904-ல் அச்சில் கொண்டுவந்தார். அவர் ஏடுகளைத் தேடிப் போகாமல் இருந்திருந்தால் இந்தக் கட்டுரைக்கே வேலை இருந்திருக்காது.

ஒவ்வொரு பத்தின் முடிவிலும் பதிகம் என்று ஒரு சுருக்கக் குறிப்பு உண்டு. பிற்காலத்தில் சேர்த்தது என்பதால் வரலாற்றாசிரியர்கள் அதைக் கொஞ்சம் ஜாக்கிரதையாகவே கையாளுகிறார்கள். கிட்டத்தட்ட ஒரு பயோடேட்டா மாதிரி இருக்கும். அதன்படி அப்பா உதியஞ்சேரலாதன். அம்மா வெளியன் வேண்மாள் நல்லினி. ஆட்சிக் காலம் 58 ஆண்டுகள். காலத்தைப் பெரும்பாலானவர்கள் கி.பி. 2-ம் நூற்றாண்டு வாக்கில் வைக்கிறார்கள்.

தம்பி பல்யானைச் செல்கெழு குட்டுவனும் புகழ்பெற்றவர்தான். சோழ இளவரசி வழியாகப் பிறந்த மகன் செங்குட்டுவன். வேளிர் குலத்துப் பதுமன் தேவி வழியாகக் களங்காய்க்கண்ணி நார்முடிச்சேரலும் ஆடுகோட்பாட்டுச் சேரலாதனும். சிலப்பதிகாரம் தந்த இளங்கோவும் இவர் மகன் என்பது மரபு. இப்படி ஒரு குடும்பத்தில் அப்பாவின் பெயர் கொஞ்சம் மங்கிப்போனதில் ஆச்சரியம் இல்லை. பிள்ளைகள் எல்லாரும் லைம்லைட்டை எடுத்துக்கொண்டார்கள்.

இமயம் வரை போய் வில் பொறித்தது நிஜமா? புலவர் புகழ்ச்சி என்றுதான் பல வரலாற்றாசிரியர்கள் எடுத்துக்கொள்கிறார்கள், எனக்கும் அப்படித்தான் தோன்றுகிறது. கடல் விஷயம் அப்படி இல்லை. கண்ணனார் அதைத் திரும்பத் திரும்பச் சொல்கிறார். கண்ணனாரோடு சம்பந்தமே இல்லாத மாமூலனார் என்ற புலவரும் அகநானூற்றில், காதல் பாட்டுக்கு நடுவில் உவமையாகச் சொல்கிறார், அதுவும் இரண்டு இடத்தில். பாராட்டிக் காசு வாங்கும் நோக்கம் இல்லாத இடத்திலும் ஒரு செய்தி எட்டிப்பார்க்கிறது என்றால், ஊர் முழுக்கப் பேசப்பட்ட செய்தி அது.

தீவில் நடந்தது என்ன?

பாடல்களைச் சேர்த்துப் பார்த்தால் கிடைக்கும் காட்சி இது. கடலுக்கு நடுவில் ஒரு தீவு. அங்கே சேரனோடு பகைகொண்ட ஒரு கூட்டம். அவர்களின் காவல் மரம் கடம்பு. பல பேர் சூழ்ந்து நின்று அதைப் பாதுகாத்தார்கள். நெடுஞ்சேரலாதன் கடலைக் கடந்து போய் எதிர்த்தவர்களை வென்று, கடம்பை அடியோடு வெட்டச் செய்து, அந்த மரத்திலேயே வெற்றி முரசு ஒன்றைச் செய்துகொண்டார்.

காவல் மரம்னா என்னன்னு கேட்டால், அந்தக் காலத்தில் ஒவ்வொரு அரசுக்கும் ஒரு மரம் இருந்தது. அது கொடி, கோட்டை, குலதெய்வம் மூன்றும் சேர்ந்த மாதிரி. எதிரி வந்து அதை வெட்டிவிட்டால் ஆட்டம் முடிந்தது. தோற்றவர்களுக்கு அதைவிடப் பெரிய அவமானம் கிடையாது.

முரசும் லேசுப்பட்டதில்லை. அதற்குத் தனிக் கட்டில், பூசை, நீராட்டு எல்லாம் உண்டு. பிற்காலச் சேரர் ஒருவரின் அரண்மனையில் மோசிகீரனார் என்ற புலவர் களைப்பில் தெரியாமல் முரசுக் கட்டிலில் படுத்துத் தூங்கிவிட்டார். வெட்ட வேண்டிய குற்றம். அரசர் வெட்டாமல் விசிறிவிட்டார் என்று புறநானூறு அதைப் பெரிய அதிசயமாகச் சொல்கிறது. அப்படிப்பட்ட முரசை, தோற்றவர்களின் தெய்வ மரத்திலேயே செய்தால்? அது ஒலிக்கும் ஒவ்வொரு முறையும் மேற்குக் கரை முழுக்க ஒரு செய்தி போகும்.

கண்ணனார் இந்தப் போரை முருகன் கடலுக்குள் போய்ச் சூரனின் மாமரத்தை வெட்டிய கதையோடு ஒப்பிடுகிறார். கடல், மரம், பகைவன் மூன்றும் கச்சிதமாகப் பொருந்துகின்றன. தன் வாடிக்கையாளரை எப்படி உயர்த்த வேண்டும் என்று கண்ணனாருக்கு நன்றாகத் தெரிந்திருக்கிறது.

மாமூலனார் சொல்வது வேறு கோணம். எதிரிகள் திறையாகக் கொடுத்த பொற்பாவைகளையும் வைரத்தையும் மாந்தை என்ற ஊரின் அரண்மனை முற்றத்தில் சேரலாதன் குவித்து வைத்தார், மண் தின்னும்படி அப்படியே விட்டார் என்கிறார். அள்ள ஆளில்லாத அளவுக்குச் செல்வம் என்பது உவமையின் நோக்கம். கடலில் ஜெயித்ததும் கரையில் தங்கம் சேர்ந்தது என்பது அதற்குள் ஒளிந்திருக்கும் தகவல்.

எத்தனை கப்பல், எத்தனை வீரர்கள், எத்தனை நாள் சண்டை? எந்தப் பாட்டிலும் எண்ணிக்கை கிடையாது. இந்த இடத்தில்தான் ரோமைக் கொஞ்சம் பொறாமையோடு பார்க்க வேண்டியிருக்கிறது.

ரோமிடம் கணக்கு இருந்தது

நெடுஞ்சேரலாதனுக்குச் சுமார் 200 ஆண்டுகளுக்கு முன், மத்தியதரைக் கடலிலும் இதே பிரச்னை இருந்தது. இன்றைய துருக்கியின் தென்கரையில் கிலிகியா என்ற பகுதி கொள்ளையர் கூடாரமாக இருந்தது. இளம் வயது ஜூலியஸ் சீசரையே பிடித்துவைத்து 50 டாலன்ட் பணயத்தொகை வாங்கிக்கொண்டு விட்டார்கள். ரோமுக்கு வரும் தானியக் கப்பல்கள் நின்றுபோய் ஊரில் விலை ஏறியபோதுதான் அரசியல்வாதிகள் விழித்துக்கொண்டார்கள். எல்லாக் காலத்திலும் அப்படித்தானே!

கி.மு. 67-ல் கபினியஸ் என்ற மக்கள் பிரதிநிதி கொண்டுவந்த சட்டம், தளபதி பாம்பேயஸிடம் மூன்று ஆண்டுகளுக்குக் கடல் முழுவதையும், கரையிலிருந்து உள்நாட்டில் ஒரு தூரம் வரையும் ஒப்படைத்தது. 500 கப்பல்கள், 1,20,000 காலாட்படை, 5,000 குதிரைப்படை என்று வரலாற்றாசிரியர் புளூட்டார்க் எழுதினார். பாம்பேயஸ் கடலை 13 மண்டலமாகப் பிரித்து ஒரே நேரத்தில் எல்லா இடத்திலும் வேட்டையைத் தொடங்கினார். மேற்குப் பாதி 40 நாளில் முடிந்தது. கிழக்கே கிலிகியாவையும் சேர்த்து மொத்தமே சுமார் மூன்று மாதம். பிடிபட்ட 20,000 பேரைக் கொல்லாமல் கடலைவிட்டுத் தள்ளி, ஆள் குறைந்துபோன ஊர்களில் விவசாயிகளாகக் குடியமர்த்தினார். மூன்று மாதத்தில் கிடைத்த வெற்றியைவிட இந்தக் கடைசி முடிவுதான் புத்திசாலித்தனமானது. வேலையில்லாத மாலுமிதான் நாளைய கொள்ளையன் என்று அவருக்குப் புரிந்திருந்தது.

தீவில் தோற்றவர்களை நெடுஞ்சேரலாதன் அதன் பிறகு என்ன செய்தார் என்று பாடல்கள் பேசவில்லை. ஆனால் அடுத்த தலைமுறையிலும் கடல் சண்டை தொடர்ந்தது. அதிலிருந்து நீங்களே யூகித்துக்கொள்ளலாம்.

அப்போ கடம்பு ஆட்கள் நிஜமாகவே கொள்ளையர்களா?

சங்கப் பாடல்கள் எதிலும் அந்தத் தீவு மக்களைக் கொள்ளையர் என்று சொல்லவில்லை. பகைவர், முரண்பட்டவர் என்றுதான் இருக்கிறது. பெரிப்ளஸும் பிளினியும் சொல்லும் கொள்ளையர்களையும், சங்கப் பாடல்களின் கடம்பு மரத்துப் பகைவர்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து இரண்டும் ஒன்றுதான் என்று இணைத்தவர்கள் இருபதாம் நூற்றாண்டு வரலாற்றாசிரியர்கள். நியாயமான ஊகம்தான். கரை ஒன்று, காலமும் அக்கம்பக்கம், தீவும் இருக்கிறது. சிலர் பிற்காலத்தில் வனவாசியை ஆண்ட கதம்ப அரச மரபின் முன்னோர்கள் இவர்கள்தான் என்றும் சொல்கிறார்கள். அந்த மரபு 4-ம் நூற்றாண்டில்தான் தலையெடுத்தது என்பதால் நடுவில் பெரிய இடைவெளி இருக்கிறது.

இன்னொரு தகவல் இந்தக் கதையைச் சிக்கலாக்குகிறது. 2-ம் நூற்றாண்டில் உலகப் புவியியல் எழுதிய தாலமி, மேற்குக் கரையின் ஒரு பகுதிக்குக் கொள்ளையர் கரை என்றே தலைப்புப் போட்டார். அந்தப் பட்டியலில் நித்ரா என்ற ஊர் வருகிறது. பிளினியின் நித்ரியாஸ்தான் இது என்று கருதப்படுகிறது. அதை அவர் எப்படிக் குறித்தார் தெரியுமா? வணிகச் சந்தை என்று. மங்களூர் பக்கம் இருக்கலாம் என்று கருதப்படும் அந்த ஊர் கொள்ளையர் கூடாரமாகவும் சந்தையாகவும் ஒரே சமயத்தில் இருந்திருக்கிறது. அதாவது, அவர்களும் வியாபாரிகள்தான், போட்டி வியாபாரிகள்.

புறநானூற்றில் மலையமான் திருமுடிக்காரியைப் பாடும்போது மாறோக்கத்து நப்பசலையார் ஓர் உவமை சொல்கிறார். மேற்குக் கடலில் சேரனின் பொன் தரும் கப்பல் ஓடும் வழியில் வேறு கலம் போக முடியாதாம். நம்ம ஆள் பெருமை என்று படித்துவிட்டுக் கடந்துபோகிற வரி. கொஞ்சம் நின்று யோசித்தால் வேறு அர்த்தம் தெரியும். கடல் எல்லோருக்கும் பத்திரமாக ஆனது என்று அவர் சொல்லவில்லை. சேரன் கப்பல் போகும் வழியில் மற்றவர்களுக்கு இடமில்லை என்கிறார். அது காவல் மட்டும் இல்லை, ஏகபோகமும் கூட. அனுமதி இல்லாமல் அந்த வழியில் வந்தவன் சேரன் கண்ணில் எப்படித் தெரிந்திருப்பான்? கடம்பு மரத்தடியில் நின்றவன் கண்ணில் சேரன் எப்படித் தெரிந்திருப்பார்?

இதே கரையில் 1,400 ஆண்டுகள் கழித்து இந்தக் கேள்விக்கு ஒரு நிஜ உதாரணம் வந்தது. போர்ச்சுகீசியர்கள் தங்களிடம் சீட்டு வாங்காத கப்பல்களை எல்லாம் பிடித்தார்கள். கோழிக்கோடு சாமூதிரியின் கடற்படைத் தளபதிகளான குஞ்ஞாலி மரைக்காயர்கள் அவர்களை எதிர்த்தார்கள். போர்ச்சுகீசிய ஆவணங்களில் மரைக்காயர்கள் கொள்ளையர்கள். நான்காம் குஞ்ஞாலியை 1600-ல் கோவாவில் கொன்றார்கள். இன்று இந்தியக் கடற்படையின் மும்பை தளம் ஒன்றுக்கு ஐ.என்.எஸ். குஞ்ஞாலி என்று பெயர். கடம்புத் தீவுக்காரர்களுக்கு அப்படி ஒரு வாய்ப்புக் கிடைக்கவில்லை. அவர்கள் தரப்பில் பாட ஒரு புலவர் இருந்திருந்தாலும் அந்த ஏடு நம் கைக்கு வரவில்லை.

யவனர்களின் கையைக் கட்டியது ஏன்?

ரோமானியக் கப்பல்களைக் காப்பாற்றிய நல்லவர் என்று நெடுஞ்சேரலாதனை முடிவு கட்டிவிட நினைத்தால், பதிகத்தில் ஒரு செய்தி குறுக்கே நிற்கிறது. கடுஞ்சொல் பேசிய யவனர்களை அவர் பிடித்து, கைகளைப் பின்னால் கட்டி, தலையில் நெய்யை ஊற்றி, அவர்களிடமிருந்து விலை உயர்ந்த அணிகலன்களையும் வைரத்தையும் வாங்கிக்கொண்டு, ஊருக்குக் கொண்டுவந்து மற்றவர்களுக்குக் கொடுத்தார்.

யவனர் என்றால் கிரேக்க, ரோமானிய உலகத்து ஆட்கள். வியாபாரிகளாக இருக்கலாம், கப்பலில் வந்த கூலி வில்லாளிகளாக இருக்கலாம். கடம்பு ஆட்களுக்கு உதவினார்களோ என்று சிலர் சந்தேகிக்கிறார்கள். தலையில் நெய் ஊற்றியது அந்தக் காலத்தில் ஊரறிய ஒருவரை அவமானப்படுத்தும் தண்டனை.

சீசர் கதையை இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். கிலிகியக் கொள்ளையர்கள் ஒரு ரோமானியரைப் பிடித்துவைத்துக் காசு வாங்கிக்கொண்டு விட்டார்கள். சேர மன்னரும் யவனர்களைப் பிடித்துக் கட்டி வைரம் வாங்கினார். பின்னால் நிற்பது ஒரு ராஜ்ஜியம் என்பதால் இது தண்டனை ஆகிறது, அது கொள்ளை ஆகிறது. அலெக்ஸாண்டிரியாவில் பணம் போட்டுவிட்டுக் காத்திருந்த முதலாளிக்கு இந்த வித்தியாசம் பெரிதாகத் தெரிந்திருக்காது.

இதில் நெடுஞ்சேரலாதனைக் குறைசொல்லிப் பயனில்லை. எந்த அரசும் கடலைத் தன் வருமானத்துக்காகத்தான் காத்தது. ரோமும் அப்படியே. பாம்பேயஸ் கிளம்பியதும் கோதுமை விலைக்காகத்தான். இவர் கடலில் இறங்கியதும் முசிறியின் பெயரைக் காப்பாற்றத்தான்.

காடு எங்கே வருகிறது?

மாட்டுப்பட்டி உயரத்தில், சுமார் 1,700 மீட்டரில், மிளகுக் கொடி சுகப்படாது. கீழே அடிமாலி பக்கம் இறங்கினால் வழியெல்லாம் மரத்துக்கு மரம் ஏறியிருக்கும். இந்த மலைத்தொடர் ஒரு பக்கம் மறையூர், ஆனைமுடி என்று இடுக்கியிலும், இன்னொரு பக்கம் நெல்லியாம்பதி, பரம்பிக்குளம் என்று பாலக்காட்டிலும் விரிகிறது. மறையூரில் பெருங்கற்காலத்து முனியறைகளை இன்றும் பார்க்கலாம். மலையில் ஆட்கள் புதுசாக ஏறிவரவில்லை, அங்கேயே இருந்தார்கள்.

சங்கப் பாடல்களில் உம்பற்காடு என்று ஒரு பகுதி வருகிறது. உம்பல் என்றால் யானை. யானைக் காடு. அது இந்த ஆனைமலைப் பகுதிதான் என்று ஆய்வாளர்கள் பலர் கருதுகிறார்கள். அதைச் சேர ஆட்சிக்குள் கொண்டுவந்தவர் தம்பி பல்யானைச் செல்கெழு குட்டுவன் என்று மூன்றாம் பத்தின் பதிகம் சொல்கிறது. அண்ணன் கடலில், தம்பி காட்டில். தந்தமும் மிளகும் ஏலமும் கிடைக்கும் காடு ஒரு முனை, அதை வாங்கிப்போகும் துறைமுகம் மறு முனை. ஒன்று கையில் இருந்து இன்னொன்று இல்லையென்றால் இரண்டுக்கும் மதிப்பில்லை. இருவரும் உட்கார்ந்து திட்டம் போட்டார்களா என்பதற்கு எந்தப் பாட்டும் சாட்சி இல்லை. ஆனால் வரைபடத்தில் பார்க்கும்போது கடல் சண்டைக்கான காரணம் கடலில் இல்லை, மலையில் இருக்கிறது என்பது தெளிவாகத் தெரியும்.

இன்னொரு விஷயமும் இருக்கிறது. இரண்டாம் பத்தைப் பாடியதற்காகக் குமட்டூர்க் கண்ணனாருக்குக் கிடைத்த பரிசு என்ன தெரியுமா? பதிகம் கணக்குச் சொல்கிறது: உம்பற்காட்டில் 500 ஊர்கள் பிரமதாயமாக. கூடவே தென்னாட்டு வருவாயில் ஒரு பங்கு, 38 ஆண்டுகளுக்கு.

கப்பல் எத்தனை என்று எழுதிவைக்காத மரபு, புலவருக்கு எத்தனை ஊர் என்று எழுதிவைத்திருக்கிறது. எண்ணிக்கை கொஞ்சம் ஊதப்பட்டதாகவே இருக்கட்டும். கடல் வெற்றியைப் பற்றி நாம் படிக்கும் முக்கியமான ஆவணத்துக்குக் கூலி மலையிலிருந்து போயிருக்கிறது. இன்று இதற்கு ஸ்பான்சர்டு கன்டென்ட் என்று பெயர் வைத்திருப்போம். கண்ணனாரை அப்படி மட்டும் பார்ப்பது அநியாயம். நல்ல கவிஞர். ஆனால் அந்த 500 ஊர்களில் ஏற்கெனவே குடியிருந்தவர்களிடம் யாரும் கேட்டிருப்பார்கள் என்று தோன்றவில்லை.

கடலில் ஜெயித்தவரின் முடிவு

நெடுஞ்சேரலாதன் இறந்தது கடலில் இல்லை. போர் என்ற ஊரின் களத்தில், ஒரு சோழ மன்னரோடு மோதி. வேற்பஃறடக்கைப் பெருநற்கிள்ளி என்றும் பெருவிறற்கிள்ளி என்றும் அந்தச் சோழரின் பெயர் குறிப்புகளில் மாறி மாறி வருகிறது. புறநானூற்றுக் குறிப்புகள் சேரரைக் குடக்கோ நெடுஞ்சேரலாதன் என்கின்றன. அது இமயவரம்பன்தான் என்பது பெரும்பாலானோர் கருத்து. சண்டையில் இருவருமே விழுந்தார்கள். யாரும் ஜெயிக்கவில்லை.

இந்த முடிவைப் பாடியவர்கள் கழாத்தலையாரும் பரணரும். யானைகள் செத்தன, குதிரைகள் செத்தன, வந்த வீரர்கள் எல்லாரும் செத்தார்கள், இனி இவர்களின் நாடு என்ன ஆகும் என்று பரணர் திகைக்கிறார். அரசியர் கீரை உண்டு கைம்மை நோற்கவில்லை, குளிர்ந்த நீரில் மூழ்கவில்லை, கணவர்களின் மார்பைத் தழுவியபடியே போய்ச் சேர்ந்தார்கள் என்கிறார் கழாத்தலையார்.

கழாத்தலையாருக்கு இன்னொரு பாட்டும் இருக்கிறது. களத்தில் விழுந்த சேரர் உடனே சாகவில்லை. கழுத்தில் ஆரத்தோடு உயிர் ஊசலாடக் கிடந்தார். பரிசில் கேட்டு வழக்கம்போல வந்த புலவர் அவரை அந்த நிலையில் பார்த்தார். யானை கேட்கலாம் என்றால் யானைகள் எல்லாம் குன்றுபோல் சாய்ந்து கிடந்தன. தேர், குதிரை எதுவும் மிச்சமில்லை. மாந்தை முற்றத்தில் மண் தின்ன விட்டதாகச் சொன்ன அந்தச் செல்வக் குவியலை நினைத்துக்கொண்டு இந்தப் பாட்டைப் படித்தால் மனசு என்னவோ செய்யும்.

மகன் செங்குட்டுவனுக்குக் கிடைத்த அடைமொழி கடல் பிறக்கோட்டிய என்பது. கடலைப் பின்வாங்க வைத்தவர் என்று பொருள். கப்பல் படையோடு கடலில் போரிட்டு எதிரிகளை விரட்டியதைத்தான் இது குறிக்கிறது என்று பலர் விளக்குகிறார்கள். அப்பாவின் வேலை முடிந்துவிடவில்லை, மகன் மறுபடியும் இறங்க வேண்டியிருந்தது. அவரைப் பாடியவர் பரணர், போர்க்களத்தில் அப்பாவுக்காகத் திகைத்து நின்ற அதே பெயர்க்காரர். ஐந்தாம் பத்தின் பதிகத்தில் அவருக்குக் கொடுத்த பரிசும் எழுதியிருக்கிறது: செங்குட்டுவனின் மகன் குட்டுவன் சேரலும், உம்பற்காட்டின் வருவாயும்.